முதல் பழம்

ஓம் தங்கச்சி, மாம்பழம்தான் மணக்குது. இந்தப் பைக்குள்ளைதான். இடைஞ்சலெண்டால் சொல்லுங்கோ, மேல் தட்டிலை தூக்கி வைக்கிறன். வேண்டாமோ? சரி. கறுத்தக்கொழும்பான். எங்கட வளவு மரத்துப் பழம். எங்கட எண்டு இப்பதான் வாய் நிறையச் சொல்லலாம். மாசியிலை தீர்ப்பு வந்தது. போன புதன்கிழமை கோட்டு ஆக்கள் வந்து வீட்டுத் திறப்பை வாங்கி என்ர கையிலை தந்தவை.

நீங்கள் வவுனியாவிலையோ இறங்கிறியள்? அப்ப நேரமிருக்கு. நான் கொழும்புக்கு. நாளைக்குப் பின்னேரம் பிளேன், பாரிசுக்கு. ஆறு வருசமா இந்தக் கேசுக்கெண்டு வந்து வந்து போறன். அங்கை ஒரு பள்ளிக்கூடத்திலை துப்புரவு வேலை எனக்கு. பிள்ளையள் லீவிலை நிக்கிற நாளிலைதான் எனக்கும் லீவு. எல்லாரும் கடற்கரைக்குப் போவினம், நான் கோட்டுக்கு வருவன். வந்தால் நீதவான் மாறியிருப்பார். இல்லையெண்டால் லோயருக்குச் சுகமில்லை. இல்லையெண்டால் பைலைக் காணேல்லை. திகதி போடுவினம், போவன்.

வெண்டதுக்கு முகத்திலை ஒரு சந்தோசத்தையும் காணேல்லையே எண்டு பாக்கிறியள். களைச்சுப் போனன் தங்கச்சி, அவ்வளவுதான்.

முதலிலையிருந்து சொல்லுறன். வீடு நெல்லியடியிலையிருந்து கொஞ்சம் உள்ளுக்கை, ஒரு ஒழுங்கைக்குள்ளை. அம்மா எனக்குச் சீதனமா எழுதின வீடு. உறுதிப் பத்திரம் என்ர பேரிலை. ஜெயகௌரி எண்டு தெளிவா எழுதியிருக்கு. நொத்தாரிசின்ர கையெழுத்து, சாட்சிக்காரர் ரெண்டுபேர், எல்லாம் இருக்கு. அந்தச் சாட்சிக்காரர் ரெண்டுபேரும் செத்திட்டினம், அது வேற கதை. உலகத்திலை என்ர பேரிலை இருக்கிறது அந்த நாலு பரப்புக் காணியும் வீடும்தான். பாரிசிலை நான் இருக்கிற வீடு வேற ஆரோ ஒருத்தரின்ர. மனுசன் எண்டு இருந்தவரும் இப்ப வேற ஒருத்தியின்ர. சிரியுங்கோ, பரவாயில்லை. நானும் இப்ப சிரிக்கிறனான்.

தொண்ணூற்றேழு தையிலை அம்மா செத்தவ. முப்பத்தோராம் நாள் கிரியை முடிஞ்ச கையோட நான் வெளிக்கிட்டனான். பூட்டிப்போட்டுப் போகேலாது. அந்த நாளிலை பூட்டின வீடெண்டால் கதவு நிலையைக்கூடக் கழட்டிக்கொண்டு போயிடுவினம். அப்பதான் தவமக்காவைக் கேட்டன். தவமலர் எண்டு பேர். என்னை விட அஞ்சாறு வயது கூட. பலாலிப் பக்கத்து ஆக்கள். தொண்ணூறிலை சண்டை வந்து ஊரோட எழும்பின சனம். பிறகு அந்த இடத்தை ஆமி கம்பி அடிச்சு மறிச்சுப்போட்டுது. புருசன், ரெண்டு பிள்ளையள், ஒரு றங்குப்பெட்டி. அங்கை இங்கை எண்டு மாறி மாறிக் கடைசியா எங்கட ஒழுங்கை முடக்கிலை ஒரு கொட்டிலிலை இருந்தவை. அம்மா படுக்கையிலை கிடந்த நாளிலை வந்து துடைச்சு விட்டவ தவமக்காதான்.

நான் சொன்னன், "தவமக்கா, வந்து இருங்கோ, வீட்டைப் பாத்துக்கொள்ளுங்கோ."

"எவ்வளவு நாளைக்குப் பிள்ளை?"

"நான் வருமட்டும்."

அவ்வளவுதான் எங்கட ஒப்பந்தம். எழுதின துண்டு இல்லை, சாட்சி இல்லை. திறப்பைக் குடுத்தன், வான் ஒண்டிலை ஏறினன்.

பதினைஞ்சு வருசம் நான் வரேல்லை. எப்பிடி வாறது? முதலிலை விசா இல்லை. பிறகு பிள்ளை. பிறகு இங்கை சண்டை. பிறகு பிள்ளையின்ர படிப்பு. வராததெண்டு இல்லை, வரேலாமல் போச்சுது. அதையும் கோட்டிலை கேட்டவை. பதினைஞ்சு வருசத்திலை ஒருக்காவாவது வந்து உங்கட வீட்டைப் பாத்தனீங்களோ எண்டு. பாக்கேலாமல் இருந்தால் அது என்ர வீடு இல்லையெண்டு ஆகுமோ? நீங்களே சொல்லுங்கோ.

ரெண்டாயிரத்துப் பன்னிரண்டிலை வந்தன். படலையிலை நிண்டு கூப்பிட்டன். தவமக்கா ஓடிவந்து கையைப் பிடிச்சுக் கூட்டிக்கொண்டு போனா. போய் என்ன செய்தா தெரியுமோ? எனக்குக் கதிரை போட்டா. என்ர வீட்டிலை எனக்குக் கதிரை. தேத்தண்ணி தந்தா. நான் குசினிக்குள்ளை எழும்பிப் போக, "நீர் இரும் பிள்ளை, உள்ளுக்கை புகை" எண்டுறா. அண்டைக்கே எனக்கு விளங்கீட்டுது.

சாமியறை பிள்ளையள் படிக்கிற அறையாக் கிடந்தது. பின்பக்க அறைக்கு ஓடு புதுசு. சண்டையிலை செல் விழுந்ததாம், புருசன் இராசேந்திரம் ஏறி வேய்ஞ்சவராம். கிணத்துக்குப் புதுக் கட்டு. ஆரைக் கேட்டுக் கட்டினவை? நல்லாத்தான் கட்டியிருக்கு, நான் இல்லையெண்டு சொல்லேல்லை. ஆனால் அது அம்மாவின்ர கிணறு மாதிரி இல்லை.

நான் நேராச் சொன்னன். தவமக்கா, நான் வந்திட்டன். வீட்டை விடுங்கோ.

அவ சொன்னா, "ஒரு வருசம் பொறும் பிள்ளை. எங்கட காணி விடப்போறாங்களாம். போன கிழமை பேப்பரிலையும் வந்தது. விட்டவுடனை நான் ஏன் உம்மட வீட்டிலை இருக்கிறன்?"

ஒரு வருசம் பொறுத்தன். திரும்பி வந்தன். அதே கதை. இந்தச் சித்திரைக்கு விடுவாங்களாம், அடுத்த தைக்கு விடுவாங்களாம். ஆமிக்காரன் காணி விடாததுக்கு நான் என்ன செய்யிறது? அந்தச் சட்டம் வேற, இந்தச் சட்டம் வேற. லோயரைப் பிடிச்சன். சபாநாயகம் எண்டு ஒரு வயசான மனிசன். கண்ணாடியை நெத்தியிலை ஏத்தி வைச்சுக்கொண்டு கண்ணாடியைத் தேடுவார். அவர் நோட்டீஸ் அனுப்பினார். அதுக்குப் பதில் வந்தது பாருங்கோ. பத்து வருசத்துக்கு மேலை ஒருத்தரையும் கேளாமல், ஒருத்தரையும் காணிக்காரர் எண்டு ஒத்துக்கொள்ளாமல், தாங்களே ஆண்டு அனுபவிச்சு வாறபடியால் வீடும் காணியும் தங்கடையாம்.

எங்கட தவமக்கா. அம்மாவைத் துடைச்சு விட்ட கை.

கோட்டு வாசலிலை கண்டு கேட்டன், "இது நீங்கள் சொன்னதோ?" அவ வேறை எங்கையோ பாத்துக்கொண்டு சொல்லுறா, "எங்கட லோயர் பிள்ளை அப்பிடிச் சொன்னால்தான் இருக்கலாமாம். இல்லாட்டி றோட்டிலையாம். எனக்கு உதுகள் என்ன தெரியும் பிள்ளை? நீர் சொல்லும், நான் எங்கை போக?" என்னைக் கேக்கிறா. வழக்குப் போட்ட என்னைக் கேக்கிறா.

ஒவ்வொரு திகதிக்கும் ஒரு பொலித்தீன் பையோட வருவா. உள்ளுக்கை பழைய கடதாசி. எனக்குப் பயம், என்ன கள்ள உறுதி முடிச்சு வைச்சிருக்கினமோ எண்டு. ஒருநாள் கோட்டு வாசல் வாங்கிலை பக்கத்திலை இருக்கேக்கை எட்டிப் பாத்தன். அவவின்ர பலாலிக் காணி உறுதி. ஏன் அக்கா அதைக் காவித் திரியிறியள், இந்தக் கேசுக்கும் அதுக்கும் என்ன தொடர்பு எண்டு கேட்டன். "ஒண்டுமில்லைப் பிள்ளை, கோட்டுக்கு வாறம், கையிலை ஒரு உறுதி இருக்கட்டும் எண்டு" எண்டா. எனக்குச் சிரிப்பும் வந்தது, கோவமும் வந்தது. என்ர காணிக்கு உறுதி என்ர கையிலை. உள்ளுக்கை போகேலாது. படலைக்கு வெளியிலை நிண்டு சொந்த மரத்தை அண்ணாந்து பாக்கிறதெண்டால் என்னெண்டு அவவுக்கு ஆர் விளங்கப்படுத்திறது?

கிளிநொச்சி வந்திட்டுது போலை. தண்ணி குடிக்கிறியளோ?

என்னைச் சாட்சிக் கூட்டிலை ஏத்தினது நாலாவது வருசம். எதிர்ப்பக்க லோயர் சின்னப் பிள்ளை, என்ர மகளின்ர வயசு. மெல்லமாக் கேக்கிறா. "வளவிலை ஒரு மாமரம் நிக்குதோ?" நிக்குது. "ஆர் வைச்சது?" என்ர அம்மா வைச்சவ. "அந்த மரத்திலை ஒரு பெரிய கொப்பு இல்லை. எந்தப் பக்கத்துக் கொப்பு, எப்ப முறிஞ்சது?" எனக்குத் தெரியாது. "கிணறு கடைசியா எப்ப இறைச்சுச் சேறு எடுத்தது?" தெரியாது. "சுவரிலை செல் பட்ட வெடிப்பு எந்த அறையிலை?" தெரியாது. கடைசியா நான் சொன்னன், "எனக்கு உறுதி இருக்கு." அவ உறுதியை எடுத்து முன்னும் பின்னும் திருப்பிப் பாத்திட்டு, "இதிலை கொப்பைப் பற்றி ஒண்டும் இல்லை, அம்மா" எண்டா. பின்னுக்கு இருந்த சனம் சிரிச்சது. கிழக்குப் பக்கக் கொப்பாம். ரெண்டாயிரத்திலை செல் பட்டதாம். தவமக்கா சாணியும் களியும் பூசிச் சீலை சுத்தி மரத்தைக் காப்பாத்தினவவாம். மரத்துக்குச் சீலை சுத்தினால் காணி சொந்தமாகுமோ?

அண்டு பின்னேரம் சபாநாயகம் லோயர் என்னை இருத்தி வைச்சுக் கேட்டார், "தங்கச்சி, நல்லா யோசியுங்கோ. இந்த இருபது வருசத்திலை அவ எப்பவாவது உங்களைக் காணிக்காரர் எண்டு ஒத்துக்கொண்டவவோ? ஒரு கடிதம்? ஒரு துண்டு? ஒண்டு போதும். அவை தாங்களே ஆண்டவை எண்ட கதை அதோட விழுந்திடும்."

அப்பதான் எனக்கு ஞாபகம் வந்தது. பழம்.

வருசா வருசம் பழம் வரும். பாரிசுக்கு வாற ஆற்றையாவது கையிலை குடுத்து அனுப்புவா. ஆறு பழம், ஏழு பழம். ஒவ்வொண்டையும் பேப்பரிலை சுத்தி. சண்டையாலை பாதை பூட்டின வருசங்களிலை பழமாக் கொண்டுவரேலாது எண்டு கீலம் கீலமா வெட்டிக் காயவைச்சு, அது கொழும்பிலை ஆறுமாசம் கிடந்து, மார்கழிக் குளிரிலை வந்து சேரும். மேலை ஒரு துண்டு. முதல் பழம், தவமலர் எண்டு எழுதியிருக்கும். வேற ஒண்டும் எழுதத் தெரியாது அவவுக்கு.

லோயர் கதிரையிலை நிமிர்ந்திட்டார். "எங்கை அந்தத் துண்டுகள்?"

எறிஞ்சுபோட்டன். ஆர் மாம்பழத்தோட வந்த துண்டை வைச்சிருப்பினம்? உண்மையைச் சொன்னால் பழத்தையே நான் சாப்பிடுறேல்லை. எனக்கு வெள்ளனவே சீனி வருத்தம் வந்திட்டுது. முந்தி மனுசன் சாப்பிடுவார். அவர் போன பிறகு மேல்வீட்டிலை ஒரு போர்த்துக்கீசக் கிழவி, அதுக்குக் குடுப்பன். ஒரு வருசம் மறந்துபோய் அப்பிடியே பையோட அழுகினது. லோயர் கேட்டார், அந்தக் கிழவியைச் சாட்சிக்குக் கூப்பிடலாமோ எண்டு. அதுவும் செத்துப்போச்சுது.

அவர் கண்ணாடியை நெத்தியிலையிருந்து இறக்கித் துடைச்சார். "சரி. அப்ப அவவின்ர வாயாலைதான் வரவேணும். நேராக் கேட்டால் சொல்ல விடமாட்டினம், படிப்பிச்சு வைச்சிருப்பினம். நான் கேக்கிற மாதிரிக் கேக்கிறன். நீங்கள் ஒண்டு செய்யுங்கோ. என்ன நடந்தாலும் வாய் திறக்கக்கூடாது. முகத்தையும் காட்டக்கூடாது."

அடுத்த திகதியிலை தவமக்கா கூட்டிலை ஏறினா. நல்லாத்தான் சொல்லிக்கொண்டு வந்தா. ஆரும் இருக்கச் சொன்னவையோ? இல்லை. ஆரையும் கேட்டு ஓடு போட்டனீங்களோ? இல்லை. வாய் கூசாமல் சொன்னா தங்கச்சி. நான் நிலத்தைப் பாத்துக்கொண்டு இருந்தன்.

சபாநாயகம் லோயர் கொஞ்ச நேரம் பேப்பரைப் புரட்டினார். பிறகு, கதையோட கதையா, ஒரு மாதிரி இளக்காரமாக் கேட்டார். "அந்த மாமரத்திலை நல்லாக் காய்க்குமோ?"

"காய்க்கும் ஐயா. வருசம் தப்பாது."

"இருபது வருசமா எல்லாம் உங்கட வயித்துக்குள்ளைதான். என்ன? ஊரான் வீட்டு மரம். நிழலிலை இருந்தனீங்கள், பழத்தை முழுக்க நீங்களே திண்டு தீத்தனீங்கள். அதை வைச்ச மனுசியின்ர பிள்ளை வெளிநாட்டிலை கிடக்குது, அதுக்கு ஒரு பழம், ஒரேயொரு பழம் அனுப்ப உங்களுக்கு மனம் வரேல்லை. அப்பிடித்தானே?"

தவமக்கா கூட்டின்ர கட்டையை ரெண்டு கையாலையும் பிடிச்சா. அவவின்ர லோயர் பிள்ளை எழும்பமுந்தி இவ தொடங்கீட்டா.

"ஆர் சொன்னது அப்பிடி? ஆர் சொன்னது உங்களுக்கு? என்ர பிள்ளையள் அந்த மரத்துக்குக் கீழை வாயூறிக்கொண்டு நிக்குங்கள், முதல் பழம் அவவுக்குப் போகாமல் ஒரு கீலம் நான் அதுகளின்ர வாயிலை வைச்சதில்லை. பாதை பூட்டேக்கையும் அனுப்பினனான். இவர் சைக்கிளிலை பருத்தித்துறை மட்டும் போய்க் கப்பலுக்குப் போற ஆக்களிட்டைக் குடுத்தவர். ஒரு வருசம் பிந்தினதில்லை."

அந்த லோயர் பிள்ளை பேனையை மேசையிலை வைச்ச சத்தம் எனக்குக் கேட்டது. நீதவான் தானே குனிஞ்சு கேட்டார், "ஏன் அம்மா, முதல் பழம் அவவுக்கு?"

தவமக்கா அவரை ஒண்டும் தெரியாத சின்னப்பிள்ளையைப் பாக்கிற மாதிரிப் பாத்தா. "காணிக்காரருக்குத்தானே ஐயா முதல் பழம்? பாத்துக்கொள்ளுற நாங்கள் முதல் திண்டால் அது களவெல்லோ."

எங்கட லோயர், வேற கேள்வி இல்லை எண்டு இருந்திட்டார். அவ்வளவுதான். ஆறு வருசக் கேஸ் அந்த ஒரு வசனத்திலை முடிஞ்சுது. தீர்ப்புக்கு மாசியாச்சு, ஆனால் முடிஞ்சது அண்டைக்குத்தான்.

வெளியிலை விறாந்தையிலை வந்து என்ர கையைப் பிடிச்சா. தோத்ததைப் பற்றிக் கதைக்கப்போறா, அழப்போறா எண்டு நினைச்சன். அவ கேக்கிறா, "பிள்ளை, உமக்குப் பழம் வந்து சேரேல்லையே? ஆரும் இடையிலை எடுத்துப்போட்டாங்களோ? ஒரு வருசத்தையும் வந்து சேரேல்லையே?"

லோயர் கதைக்கக்கூடாது எண்டு சொன்னவர். நான் கதைக்கேல்லை. கையை எடுத்துக்கொண்டு வந்திட்டன். கேஸ் முடியாமல் கதைக்கலாமோ? ஒரு சொல்லாலை எல்லாம் பிழைச்சுப் போனால்?

புதன்கிழமை கோட்டு ஆக்களோட போனன். சண்டை பிடிப்பினம், ஆக்களைக் கூட்டி வைச்சிருப்பினம் எண்டு பயந்து பொலிசும் கேட்டு வைச்சிருந்தனான். ஒண்டும் இல்லை. வீடு கூட்டிக் கழுவி, சாமியறையிலை அம்மாவின்ர படம் பழைய ஆணியிலை. அந்தப் படம் எங்கை இருந்ததெண்டே எனக்குத் தெரியாது. இராசேந்திரம் லாண்ட்மாஸ்டர் உழவு மெசின் பெட்டியிலை சாமான் ஏத்தினார். அவர் என்னோட கதைக்கேல்லை, அவர் ஒருத்தரோடையும் கதைக்கிற ஆளில்லை. தவமக்கா திறப்பைக் கோட்டு ஆளிட்டைக் குடுத்தா, அவர் என்னட்டைத் தந்தார். பிறகு படலையிலை வைச்சு இந்தப் பையைத் தந்தா. இந்தா, இதுதான். மேலை துண்டு. முதல் பழம், தவமலர்.

எனக்கு விளங்கேல்லைத் தங்கச்சி. கேஸ் முடிஞ்சுது. தீர்ப்பு வந்திட்டுது. இனி ஆருக்குக் காட்ட?

ரெண்டு இரவு அந்த வீட்டிலை படுத்தன். நித்திரை வரேல்லை. கப்பி எப்பிடிச் சுத்துதெண்டு தெரியாமல் கயிறு கழண்டு வாளி கிணத்துக்குள்ளை விழுந்திட்டுது. மூண்டாம்நாள் சபாநாயகம் லோயரிட்டைப் போய்ச் சொல்லுறன், நான் சனிக்கிழமை வெளிக்கிடுறன் எண்டு. அவர் சொல்லுறார், வீட்டை வெறுமனே விட்டிட்டுப் போகாதையுங்கோ, பிறகு இன்னொருத்தர் வந்து இருந்தால் இன்னொரு கேஸ் எண்டு. என்னாலை இன்னொரு கேசுக்கு ஏலாது.

அப்ப ஆரைக் கேக்கிறது? தவமக்காவைத்தான் போய்க் கேட்டன். கரவெட்டியிலை அவவின்ர மச்சாள் வீட்டோட இறக்கின பத்தியிலை இருக்கினம். சொன்னன், "அக்கா, நடந்தது நடந்திட்டுது. திரும்பி வந்து இருங்கோ. இந்த முறை எழுத்திலை போடுவம். என்ர வீடு, நீங்கள் பாத்துக்கொள்ளுறியள் எண்டு ஒரு கையெழுத்து. ஒருத்தருக்கும் பிறகு கரைச்சல் இல்லை."

அவ சிரிச்சா. கோவத்திலை இல்லை, மெய்யாவே சிரிச்சா. "இருபத்திரண்டு வருசம் கையெழுத்து இல்லாமல் பாத்தன் பிள்ளை. இனி என்னாலை ஏலாது. இனிப் போய் எங்கட காணியைப் பாக்கப்போறன்." விட்டிட்டாங்களோ எண்டு கேட்டன். இல்லையாம். கம்பிக்கு இங்காலை நிண்டு பாக்கலாமாம். அவையின்ர வளவுப் பனை ரெண்டு தெரியுமாம். கம்பிக்கு வெளியிலை நிண்டு பாத்து என்ன செய்யிறது? சில சனத்துக்குப் பிடிவாதம் தங்கச்சி. நல்லதைச் சொன்னாலும் ஏறாது.

அடுத்தது வவுனியா எண்டுறாங்கள். சாமானைப் பாத்து எடுங்கோ.

ஒண்டு கேக்கட்டோ? நீங்கள் இங்கத்தை ஆள். நம்பிக்கையான குடும்பம் ஏதாவது தெரிஞ்சால் சொல்லுங்கோ. இடம்பெயர்ந்த ஆக்களெண்டாலும் பரவாயில்லை. வாடகை ஒண்டும் வேண்டாம். நல்ல தண்ணி, புது ஓடு, காய்க்கிற மரம். வருசத்திலை முதல் பழத்தை எனக்கு அனுப்பினால் போதும். மேலை ஒரு துண்டு, திகதி போட்டு, ஆர் ஆருக்கு எண்டு விளக்கமா எழுதி. நான் சாப்பிடுறதுக்கில்லை. நான்தான் சொன்னனே, எனக்குச் சீனி வருத்தம்.

இந்தாங்கோ, இந்தப் பையை நீங்கள் கொண்டுபோங்கோ. பிள்ளையள் இருக்குதுகள்தானே. இல்லை இல்லை, பிடியுங்கோ, பிளேனிலை விடமாட்டாங்கள். பொறுங்கோ, மேலை கிடக்கிற துண்டை மட்டும் எடுக்கிறன். அது பைலுக்கு வேணும்.